கூடு எங்கே தொங்குகிறது?

“அண்ணை, உதுக்கு முட்டு இழுக்குது” என்று சொல்லிக்கொண்டு துணி மூடிய கூட்டோடு ஆக்கள் படலையடியில் வந்து நிற்பார்கள். துணியைத் தூக்க நான் அவசரப்படுவதில்லை. வீட்டில் இந்தக் கூடு எங்கே தொங்குகிறது, அதற்குக் கீழே என்ன எரிகிறது, காற்று எந்தப் பக்கத்தால் வருகிறது என்று கேட்பேன். வந்தவருக்குக் கொஞ்சம் எரிச்சல் வரும். பறவை சாகக் கிடக்கிறது, இவர் வீட்டு வரைபடம் கேட்கிறார் என்று நினைப்பது முகத்தில் தெரியும். ஆனால் கேட்கக் கேட்கத்தான் விஷயம் வெளியே வரும். கூடு குசினி வாசலில் தொங்கும். பொழுதுபட்டால் நேர் கீழே நுளம்புத்திரி கொளுத்துவார்கள். வெள்ளிக்கிழமை சாம்பிராணி. பக்கத்து வளவில் உமி குவித்து எரிப்பார்கள், அது இரவிரவாய்ப் புகையும். பாதி வருத்தம் அந்த இடத்திலேயே பிடிபட்டுவிடும்.

நான் மிருக வைத்தியன் இல்லை. கிளிநொச்சியில் உருத்திரபுரம் பக்கம் லவ் பேர்ட்ஸ் வளர்த்து விற்கிறவன். ஊரில் எல்லாரும் லவ் பேர்ட்ஸ் என்று சொல்லும் இந்தச் சின்னக் கிளிக்குச் சரியான பெயர் பட்ஜெரிகர். அவுஸ்திரேலியாவின் வறண்ட உள்நாட்டுப் பறவை. 1840இல் ஜோன் கூல்ட் என்ற பறவையியலாளர் உயிரோடு இங்கிலாந்துக்குக் கொண்டுபோன சோடியிலிருந்து உலகத்து வீடுகளுக்குள் அது நுழைந்த கதை தொடங்குகிறது. வன்னியில் அது பரவியது போர் முடிந்து வந்த மீள்குடியேற்றத்துக்குப் பிறகுதான். கல்வீடு எழும்பி, விறாந்தை வந்து, விறாந்தையில் தொங்கவிட ஏதாவது வேண்டும் என்ற நிலை வந்தபோது இதுவும் வந்தது. கோழி வளர்த்த பழக்கத்தில் நானும் இதற்குள் இறங்கினேன். இறங்கின பிறகுதான் கோழிக்குத் தெரிந்த வைத்தியம் இதற்குச் செல்லாது என்பது விளங்கியது.

விளங்கவைத்தது அதன் மூச்சு. முப்பது, நாற்பது கிராம் உடம்பு. எங்களுக்கு நெஞ்சையும் வயிற்றையும் பிரிக்கும் பிரிமென்றகடு இருக்கிறது, பறவைக்கு அது கிடையாது. அதன் நுரையீரல் விரிந்து சுருங்குவதும் இல்லை, முதுகுப் பக்க விலாவோடு ஒட்டிக் கிடக்கும். அதிலிருந்து உடம்பெல்லாம் மெல்லிய காற்றுப்பைகள் பரவியிருக்கும், மொத்தம் ஒன்பது. நெஞ்செலும்பு முன்னும் கீழுமாக அசைய, கொல்லன் பட்டறைத் துருத்திபோல அந்தப் பைகள் காற்றை இழுத்து நுரையீரலுக்கூடாகத் தள்ளும். உள்ளே போன காற்று முழுதாக வெளியே வர இரண்டு தரம் மூச்சு வாங்க வேண்டும். எங்கள் நுரையீரலில் ஒவ்வொரு மூச்சிலும் பழைய காற்று கொஞ்சம் மிஞ்சி நிற்கும். பறவையின் நுரையீரலில் புதுக்காற்று ஒரே திசையாக ஓடிக்கொண்டே இருக்கும். பறப்பதற்குத் தேவையான ஒட்சிசனை ஒரு துளி வீணாக்காமல் பிடிக்க அமைந்த உடம்பு அது. புகையையும் நஞ்சையும் அதே கெட்டித்தனத்தோடு பிடித்துவிடுவதுதான் அதன் துரதிர்ஷ்டம்.

இதிலிருந்து கைக்கு ஒரு பாடம் வருகிறது. பறவையைப் பொத்திப் பிடிக்கக் கூடாது. நெஞ்செலும்பு அசையாவிட்டால் அதற்கு மூச்சே இல்லை. வாய் மூக்கு திறந்திருக்கும், கண் திறந்திருக்கும், கைக்குள்ளேயே செத்துப்போகும். பிடித்தே ஆகவேண்டும் என்றால் முதுகு உள்ளங்கையில் படுகிற மாதிரி வைத்து, கழுத்தின் இரண்டு பக்கமும் சுட்டுவிரலையும் நடுவிரலையும் மெல்ல விட்டு, நெஞ்சுப் பக்கத்தை வெறுமையாக விடவேண்டும். பிள்ளைகளுக்கு இதை முதலில் பழக்குவேன். பெரியாக்களுக்குப் பழக்குவது கஷ்டம். கோழி பிடித்த கைக்கு இறுக்கித்தான் பிடிக்கத் தெரியும்.

முட்டு இழுக்கிற பறவையைப் பிடிக்காமலே இருப்பது இன்னும் நல்லது. பார்ப்பதற்குக் கண்ணும் காதும் போதும். ஆனால் அந்தக் கண் நோய் வந்த பிறகு வராது. சுகமாக இருக்கும் காலத்திலேயே பறவையைப் பார்த்துப் பழகியிருக்க வேண்டும்.

இந்தப் பறவைகள் வருத்தத்தை மறைக்கும். காட்டில் கூட்டமாகத் திரியும்போது சோர்ந்த பறவையைத்தான் பருந்து குறிவைக்கும் என்பதால் வந்த பழக்கம் அது. நீங்கள் கூட்டடிக்குப் போனால் கிடந்த சிறகைச் சரிசெய்து, கண்ணை விரித்து, ஒன்றுமில்லாதது மாதிரி நிற்கும். அதனால் நான் நேரே போவதில்லை. விடியற்காலையில், அல்லது பொழுதுபடுகிற நேரம், நாலைந்து முழம் தள்ளி ஒரு கதிரையைப் போட்டு வேறு வேலை பார்ப்பதுபோல இருப்பேன். கொஞ்ச நேரத்தில் அது நடிப்பை விட்டுவிடும். பிறகு வாலைப் பார்ப்பேன்.

சுகமான பறவை இருக்கும்போது வால் ஆடாது. ஆடினாலும் கண்ணுக்குப் பிடிபடாது. மூச்சுக்குக் கஷ்டப்படும் பறவைக்கு ஒவ்வொரு மூச்சுக்கும் வால் மேலும் கீழுமாக அடிக்கும். வயிற்றுத் தசையையும் சேர்த்துப் போட்டு இழுக்கிறது என்பதுதான் அதன் அர்த்தம். பறந்து வந்து இருந்த உடனே எந்தப் பறவைக்கும் கொஞ்சம் ஆடும். ஓரிரண்டு நிமிடத்தில் அடங்கிவிட்டால் பயமில்லை. ஓய்ந்திருக்கும் லவ் பேர்ட் நிமிடத்துக்கு 60 முதல் 75 தரம் மூச்சு விடும். எண்ணுவது கடினமில்லை. மணிக்கூட்டைப் பார்த்துக் கால் நிமிடம் எண்ணி நாலால் பெருக்கினால் சரி. உங்கள் பறவைக்கு வழமையான எண்ணிக்கை எது என்று தெரிந்து வைத்திருந்தால் புத்தகத்து எண் தேவைப்படாது.

வாலுக்கு அடுத்தது அது இருக்கிற தோரணை. தூங்கும் பறவை ஒரு காலை மடக்கி, தலையைத் திருப்பி முதுகுச் சிறகுக்குள் செருகும். மூச்சு முட்டும் பறவை தலையைச் செருகாது, செருகினால் மூச்சு வராது. இரண்டு காலையும் ஊன்றி, கழுத்தை நீட்டி, சில வேளை சொண்டைக் கம்பியில் கொளுவி வைத்துக்கொண்டு கண்ணை மூடும். அந்தக் கொளுவலை வீட்டுக்காரர் விளையாட்டு என்று நினைப்பார்கள். வாயைத் திறந்து மூச்சு விடத் தொடங்கிவிட்டால் ஏற்கெனவே நேரம் பிந்திவிட்டது என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

காதுக்கு இரவுதான் நல்லது. ஊர் அடங்கின பிறகு, துணி போட்ட கூட்டடியில் காதை வைத்தால் சுகமான பறவையிடம் ஒரு சத்தமும் கேட்காது. டிக் டிக் என்றோ, சளிபோலக் கொரகொர என்றோ, மெல்லிய விசில் மாதிரியோ கேட்டால் நோய் பேசத் தொடங்கிவிட்டது. பகலில் குரல் கம்மிப்போவதும், முந்திக் கத்தின பறவை கத்தாமல் விடுவதும் இதோடு சேர்ந்தவை. பறவைக்குக் குரல் வருவது எங்களைப்போலத் தொண்டையில் இல்லை, மூச்சுக்குழாய் இரண்டாகப் பிரிகிற அடியில். அங்கே பூஞ்சணம் பிடித்தாலும் சரி, வீக்கம் வந்தாலும் சரி, முதலில் போவது குரல்.

வன்னியில் ஒரு குழப்பம் வரும். சித்திரை தொடங்கி ஆவணி மட்டும் தகரக் கூரைக்குக் கீழே எந்தப் பறவையும் வாயைத் திறக்கும். அதற்கு வியர்வைச் சுரப்பி இல்லை, மூச்சால்தான் சூட்டை வெளியேற்றும். சூட்டில் வாய் திறக்கும் பறவை இரண்டு செட்டையையும் உடம்பிலிருந்து விலக்கி, இறகுகளை உடம்போடு ஒட்ட வைத்திருக்கும். வருத்தக்காரப் பறவை இறகை உப்பிக்கொண்டு பந்துபோல இருக்கும். மாமர நிழலுக்குக் கொண்டுபோய், செட்டை நனையுமளவு தண்ணீர் தெளித்து, கொஞ்ச நேரம் பாருங்கள். வாய் மூடினால் சூடு. மூடாவிட்டால் மேலே போகவேண்டும். எங்கள் ஊர் வீடுகளில் கூட்டைக் கூரைத் தகரத்துக்குக் கிட்டக் கொளுவுகிறார்கள், பூனைக்குப் பயந்து. பூனையிடமிருந்து தப்புகிற பறவை தகரத்திடம் மாட்டுகிறது. சுவரில் ஒரு ஆள் உயரத்தில் அடித்த தாங்கி போதும்.

சூட்டுக்கு எதிர்ப் பக்கமும் எங்களிடம் உண்டு. 2022 மார்கழியில் மாண்டஸ் புயல் வங்காள விரிகுடாவில் நின்ற நாட்களை ஒருவரும் மறக்கமாட்டார்கள். முல்லைத்தீவிலும் கிளிநொச்சியிலும் வெட்டையில் நின்ற மாடுகளும் ஆடுகளும் குளிரில் விறைத்து நூற்றுக்கணக்கில் செத்துக் கிடந்தன. செய்திகளில் வந்தது மாடுகள். அதே நாட்களில் நாட்டுக் காற்றும் கெட்டிருந்தது. வடக்கே இருந்து வந்த மாசு படிந்து, டிசம்பர் 9 அன்று பள்ளிக்கூடங்களை மூடினார்கள். வாடைக்குப் பயந்து கதவு யன்னலைச் சாத்தி, உள்ளே விறகடுப்பை மூட்டிக்கொண்டு இருந்த வீடுகளில்தான் லவ் பேர்ட்ஸ் விழுந்தன. அந்த வருடம் எரிவாயுத் தட்டுப்பாட்டில் பல பேர் விறகுக்குத் திரும்பியிருந்தார்கள் என்பதையும் நினைத்துப் பார்க்க வேண்டும். வருடத் தொடக்கத்தில் மின்வெட்டு. காற்றாடி ஓடாது, நுளம்புத்திரி விடியவிடிய எரியும். என்னிடம் வந்த முட்டுக்காரப் பறவைகளின் வரலாற்றைக் கேட்டால் அந்த வருடத்து நாட்டு வரலாறே வரும்.

குளிரில் பறவை தானாகச் சாவது குறைவு என்பது என் எண்ணம். நனைந்தும் காற்றடிபட்டும் இருந்தால்தான் சாகும். கூட்டின் மூன்று பக்கத்தையும் துணியால் மூடி ஒரு பக்கத்தைக் காற்றுக்குத் திறந்துவிட்டால் வாடையைத் தாங்கிவிடும். நாலு பக்கத்தையும் உரப்பையால் சுற்றிக் கட்டிவிட்டு உள்ளே புகை போட்டால் தாங்காது.

புகை என்று சொல்லும்போது விறகை மட்டும் சொல்லவில்லை. டெங்குக் காலத்தில் நுளம்புத்திரியை விடச் சொல்ல எனக்கு வாய் வராது. பிள்ளைகள் இருக்கிற வீடு. திரியை ஒரு அறையிலும் கூட்டை வேறு அறையிலும் வையுங்கள் என்பேன், அல்லது பிள்ளைக்குப் போடுகிற நுளம்புவலையை நம்புங்கள் என்பேன். கரப்பானுக்கு அடிக்கிற ஸ்பிரே, வாசனை ஸ்பிரே, பூச்சி உருண்டை, வருடப்பிறப்புக்கு முன் பூசுகிற பெயின்ட், அதற்குக் கலக்கிற தின்னர், இவை எல்லாமே கூட்டுக்குக் கிட்ட ஆகாதவை. ஒட்டாத சட்டி இன்னும் கள்ளமானது. அடுப்பில் வைத்துவிட்டு மறந்து, வெறுஞ்சட்டி 280 பாகைக்கு மேல் காய்ந்தால் அதன் பூச்சிலிருந்து மணமே தெரியாத ஆவி கிளம்பும். மனிதருக்குக் காய்ச்சல் குணம் காட்டுமளவோடு நின்றுவிடும், பறவை சில நிமிடங்களில் கம்பியிலிருந்து விழும். அதற்கு மருந்து கிடையாது. வெளிநாட்டிலிருந்து பிள்ளைகள் அனுப்புகிற சட்டிகள் குசினிகளுக்குள் வந்த பிறகு இதையும் நான் விசாரிக்கத் தொடங்கினேன்.

வயற்கரையில் இருக்கிறவர்களுக்குத் தனியாக ஒன்று. காலபோக வெட்டு மாசி பங்குனியில். மெசின் இறங்கினால் காற்றெல்லாம் சுணை. எங்களுக்கே மேல் கடிக்கும், கண் எரியும். அந்தக் கிழமைகளில் கூட்டுக்கு ஈரத்துணி போட்டு, வயலுக்கு மறுபக்கம் மாற்றிவிடுவேன். சோளகம் எழும்பி செம்மண் பறக்கும் காலத்திலும் அதுதான்.

காற்றைச் சரிசெய்தும் முட்டு நிற்காவிட்டால் அடுத்து நான் பார்ப்பது தீன் டப்பா. எனக்கு மிகவும் பிடித்த நோய் என்று சொல்லக் கூடாதுதான், ஆனால் கண்டுபிடிக்கும்போது ஒரு சந்தோஷம் வருகிற நோய் இதிலிருக்கிறது.

ஒரு பள்ளிக்கூடப் பெடியன் கொண்டுவந்த நீலச் சேவலைச் சொல்கிறேன். ஒவ்வொரு மூச்சுக்கும் கீச் கீச் என்று எண்ணெய் விடாத சைக்கிள் சத்தம். காய்ச்சல் குணம் இல்லை, மூக்கு ஒழுகவில்லை. தின்னுகிறது. ஆனால் தின்ற பிறகு சத்தம் கூடுகிறது. தின்றதைச் சில வேளை தலையை உதறிக் கக்குகிறது. சொண்டைக் கம்பியில் கொளுவிக்கொண்டுதான் தூங்குகிறது. வீடு கேட்டேன், முன் விறாந்தை, நல்ல காற்று, புகை இல்லை. “என்ன தம்பி தீன் போடுறீர்?” “தினைதான் அண்ணை.” “வேற?” “வேற ஒண்டும் இல்லை, அதுதான் விருப்பம்.”

தினையில் அயடீன் இல்லை என்றே சொல்லலாம். தினையை மட்டும் மாதக்கணக்கில் தின்கிற லவ் பேர்ட்டுக்குத் தைரொயிட் சுரப்பி வீங்கும். மனிதருக்குக் கழலை வந்தால் கழுத்துக்கு முன்னால் வெளியே தெரியும். பறவைக்கு அந்தச் சுரப்பி நெஞ்சுக்கூட்டின் வாசலுக்குள் இருக்கிறது. வெளியே ஒன்றும் தெரியாது. உள்ளே ஒரு பக்கம் மூச்சுக்குழாயையும் மறு பக்கம் தீன்பையிலிருந்து இறங்கும் வழியையும் நெரிக்கும். தீன்பை நிரம்பினால் நெரிப்பு கூடும், அதுதான் தின்றபின் வருகிற சத்தம். கழுத்தை நீட்டிச் சொண்டைக் கொளுவினால் குழாய் கொஞ்சம் நிமிரும், அதுதான் அந்தத் தூக்கம். இலங்கையில் உப்பில் அயடீன் சேர்ப்பதைச் சட்டமாக்கியது 1995இல். அந்த வீட்டில் அம்மா, அப்பா, பெடியன் எல்லாருக்கும் கறியோடு அயடீன் போகிறது. கறி தின்னாத ஒரே ஆள் கூட்டுக்குள் இருந்தவர்.

கால்நடை வைத்தியர் அலுவலகத்துக்கு அனுப்பினேன். அயடீன் கரைசல் சொட்டுக் கணக்கில் எழுதிக் கொடுத்தார். சொட்டுக் கணக்கை நான் இங்கே சொல்லமாட்டேன், அது பறவைக்குப் பறவை வைத்தியர் சொல்லவேண்டியது. கூடினாலும் சுரப்பி கெடும். சத்தம் மெல்ல மெல்ல அடங்கிப் போனது. சத்தம் கேட்டவுடன் சளி என்று முடிவுகட்டி நுண்ணுயிர்க்கொல்லி போட்டிருந்தால் அந்தச் சேவல் மருந்தோடேயே செத்திருக்கும்.

தினைப் பழக்கம் இன்னொரு வழியாலும் மூச்சைக் கெடுக்கும். விதையில் விற்றமின் ஏ மிகக் குறைவு. அது குறைந்தால் மூக்குக்குள்ளும் வாய்க் கூரையிலும் இருக்கிற ஈரமான தோல் தடித்துக் காய்ந்துவிடும். சளி வழிந்தோட வேண்டிய இடம் அடைபட்டு, கிருமி குடியேறும். மூக்கடிச் சதைக்கு மேலுள்ள இறகு ஒட்டிக் கருகினது மாதிரி இருக்கும். இதற்கு மருந்து வேலியில் நிற்கிறது. முருங்கையிலை, பொன்னாங்காணி, வல்லாரை, கரட் துருவல், பழுத்த பப்பாசி. லவ் பேர்ட் புதுச் சாப்பாட்டை இலேசில் தொடாது. பயப்படும். முருங்கைக் கொத்தை ஈரத்தோடு கூட்டின் மேல்கம்பியில் கட்டிவிட்டால் முதலில் அதில் குளிக்கப் போகும். குளிக்கும்போது சொண்டு படும். அதன் பிறகு நீங்கள் ஒன்றும் செய்யத் தேவையில்லை. தோட்டத்துக்கு மருந்தடித்த கீரை என்றால் வேண்டவே வேண்டாம்.

மாரியில் வருகிற பூஞ்சணத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் அதில் சொல்ல அதிகம் நல்லது இல்லை. ஈரம் பட்ட தினை, அடித்தட்டில் தேங்கிய கோது, எச்சத்தில் நனைந்த கடுதாசி, இவற்றில் அஸ்பஜிலஸ் பூஞ்சணம் பூக்கும். அதன் தூள் காற்றுப்பைக்குள் போய் அங்கேயே முளைக்கும். காற்றுப்பைக்கு இரத்தவோட்டம் குறைவு, மருந்து போய்ச் சேராது. மாதக்கணக்கில் மருந்து கொடுத்தும் தோற்றுப்போகிற நோய் இது. ஐப்பசி மழை தொடங்க முன் விதையை வெயிலில் காயவிட்டு, மூடி இறுகும் போத்தல்களில் போட்டுவிடுவேன். அடித்தட்டுக் கடுதாசி ஒவ்வொரு நாளும் மாறும். மூக்கில் புளிச்ச மணம் அடிக்கிற விதையைக் கோழிக்கும் போடுவதில்லை, எருக்குழிக்குத்தான்.

ஒரு கேள்வியை நான் பறவைக்காரரிடம் கேட்கும்போது அவர் திகைப்பார். “உங்களுக்கு இருமல் காய்ச்சல் ஏதும் இருக்கோ?” கிளிக்காய்ச்சல் என்று ஒன்று இருக்கிறது, கிளமிடியா சிற்றாசி என்ற நுண்ணுயிரால் வருவது. பறவையின் எச்சம் காய்ந்து தூளாகிக் காற்றில் எழும்ப, அதைச் சுவாசிக்கிற மனிதருக்கு நியூமோனியாவில் கொண்டுபோய் விடும். 1929இன் இறுதியில் ஆர்ஜென்டீனாவிலிருந்து கப்பலேறிய கிளிகளோடு அது பல நாடுகளுக்குப் பரவியது. 1930 ஜனவரியில் அமெரிக்க ஜனாதிபதி ஹூவர் கிளி இறக்குமதியையே தடைசெய்தார். பெரிய கிளிகளில்தான் பிரச்சினை என்று நினைத்திருந்தவர்களுக்கு, கலிபோர்னியாவில் வீட்டுக் கொல்லைகளில் வளர்த்த எங்கள் லவ் பேர்ட்ஸிலும் அது இருப்பதைக் கார்ல் மேயர் என்ற ஆய்வாளர் 1930களில் காட்டினார். பறவைக்குக் கண் ஒழுகி, மூக்கு ஒழுகி, எச்சம் பச்சையாகப் போய், அதோடு மூச்சும் முட்டினால் இதை நினைக்கவேண்டும். சில பறவைகள் ஒன்றும் காட்டாமலே பரப்பும். மருந்து உண்டு. டொக்சிசைக்ளின், ஆறு கிழமைக்கு மேல் விடாமல் கொடுக்கவேண்டும். பயப்படுத்த இதைச் சொல்லவில்லை. மாறாத இருமலோடு ஆஸ்பத்திரிக்குப் போனால் “வீட்டில் கிளி வளர்க்கிறேன்” என்று டொக்டரிடம் ஒரு வார்த்தை சொல்லுங்கள். அவராகக் கேட்கமாட்டார். கூட்டைத் துப்புரவாக்கும்போது காய்ந்த எச்சத்தைத் தும்புத்தடியால் கூட்டாமல் தண்ணீர் தெளித்து நனைத்து அள்ளுங்கள். வாய்க்கு மாஸ்க் கட்டுங்கள். கோவிட் காலத்தில் வாங்கினது எல்லார் வீட்டிலும் மிச்சம் இருக்கிறது.

வால் ஆடுகிற எல்லாமே மூச்சு நோய் இல்லை என்பதையும் சொல்லவேண்டும். முட்டை அடைபட்ட பேடு வாலை அடிக்கும், ஏனென்றால் முட்டை காற்றுப்பையை அமுக்குகிறது. கூட்டின் தரையில் காலை அகட்டிக்கொண்டு இருந்தால் அடிவயிற்றைப் பாருங்கள். வயது போன சேவலின் நீல மூக்கடி மண்ணிறமாக மாறி, வயிறும் ஊதினால் உள்ளே கட்டி. கொழுத்த பறவைக்கும் முட்டும். பறவைக்கு ஒரே ஒரு அறைதான், வயிற்றில் எது பெருத்தாலும் இழப்பது மூச்சு.

இனி, இரவு எட்டு மணிக்குப் பறவை வாயைத் திறந்துகொண்டு கிடக்கிறது, கால்நடை வைத்தியர் அலுவலகம் விடிய எட்டரைக்குத்தான் திறக்கும் என்ற நிலைமை. அந்த இரவைக் கடத்துவதுதான் எங்கள் தொழிலில் பெரிய வித்தை.

முதலில் ஒன்றையும் வாயில் ஊற்றாதீர்கள். உள்ளிச் சாறு, தேன், நல்லெண்ணெய், பிராண்டி, எல்லாம் ஊற்றிக் கொண்டுவந்திருக்கிறார்கள். பறவையின் நாக்கடியில் மூச்சுக்குழாயின் வாசல் திறந்தபடி இருக்கிறது. மூச்சுக்குத் தவிக்கிற நேரம் ஊற்றினால் நேரே அதற்குள்தான் இறங்கும். நொச்சியிலை அவித்து ஆவி பிடிக்கிறவர்களும் இருக்கிறார்கள். பாட்டி சொன்னது, மனிதருக்கு நல்லது, நானும் பிடிப்பேன். கொதிக்கிற பானைக்கு மேல் பறவையைப் பிடித்தால் அதற்கு அது ஆவி இல்லை, அவியல். கோழிக்கு வாங்கின மஞ்சள் நிற மருந்துத் தூளைத் தண்ணீரில் கரைத்து வைப்பதும் வீண். வறண்ட நாட்டுப் பறவை, சுகமாக இருக்கும்போதே சொற்பந்தான் குடிக்கும். வருத்தத்தில் தொடவே தொடாது.

செய்யவேண்டியது சின்ன வேலை. மற்றப் பறவைகளிடமிருந்து பிரித்து, காற்றோட்டத்துக்கு ஓட்டை போட்ட ஒரு காட்போட் பெட்டிக்குள் துவாய் விரித்து விடுங்கள். கம்பு வேண்டாம், ஏறி விழும். பெட்டிக்குள் 30 பாகை அளவுக்குச் சூடு வேண்டும். முந்தி 40 வாற்று மஞ்சள் பல்பு இருந்தது, வெளியே தொங்கவிட்டால் போதும். இப்போது வருகிற எல்.ஈ.டி. வெளிச்சந்தான் தரும், சூடு தராது. தெரியாமல் அதைக் கொளுவிவிட்டு விடியும்வரை நம்பியிருக்கிறார்கள். சுடுதண்ணீரைப் போத்தலில் விட்டு, துணி சுற்றி, பெட்டியின் ஒரு மூலையில் வையுங்கள். மறு மூலை குளிராகவே இருக்கட்டும். சூடு கூடினால் பறவை தானே விலகும். தண்ணீர் ஆற ஆற மாற்றவேண்டும், அதற்கு ஒருவர் முழித்திருக்கவேண்டும். தினையையும் தண்ணீரையும் ஆழமில்லாத மூடிகளில் அதன் சொண்டுக்குக் கிட்ட வையுங்கள். இருட்டாக விடுங்கள். பிறகு பெட்டியைத் திறந்து திறந்து பார்க்காமல் இருங்கள். இந்தக் கடைசியை ஒருவரும் கேட்பதில்லை. ஒவ்வொரு தரம் மூடி திறக்கும்போதும் அது எழும்பி நின்று சுகமாக இருப்பதாக நடிக்கும். நடிப்புக்கு மூச்சு வேண்டும்.

விடிய அலுவலகத்துக்குப் போங்கள். அங்கே இருப்பவர்கள் மாட்டுக்கும் ஆட்டுக்கும் ஓடித்திரிகிறவர்கள், லவ் பேர்ட்டோடு போனால் சிரிப்பார்கள் என்று பலர் வெட்கப்படுகிறார்கள். நான் கண்டது அப்படி இல்லை. ஆனால் அவர்களுக்கு நீங்கள் உதவி செய்யவேண்டும். வெளிச்சமான மேசையில் கூட்டை வைத்ததும் பறவை விறைத்து நிற்கும், வால் ஆடாது, சத்தம் வராது. அதனால் வீட்டில் இருக்கும்போதே போனில் எடுத்து வையுங்கள். பக்கவாட்டில் இருந்து, வால் முழுதாகத் தெரிய, ஒரு நிமிடம். பிறகு இரவில் கூட்டுக்குக் கிட்ட வைத்துச் சத்தம் மட்டும். அடித்தட்டுக் கடுதாசியை எச்சத்தோடு மடித்து ஒரு பையில். தினை டப்பாவிலிருந்து ஒரு கைப்பிடி. நுளம்புத்திரியின் மட்டையும் இருந்தால் நல்லது. பெரிய பரிசோதனை வேண்டுமென்றால் பேராதனையில் பல்கலைக்கழக மிருக வைத்திய போதனா ஆஸ்பத்திரிக்குத்தான் போகச் சொல்வார்கள். ஏ9 வீதியில் கண்டி மட்டும் நீண்ட பயணம். கஷ்டப்பட்டு மூச்சுவிடும் பறவை அந்தப் பயணத்தைத் தாங்குமா என்று முதலில் இங்குள்ள வைத்தியரிடம் கேளுங்கள், தாங்காது என்று அவர் சொன்னால் நம்புங்கள். போவதென்றால் விடியப்புற பஸ், வெயில் ஏற முன். எஞ்சினுக்குக் கிட்டவுள்ள முன் சீற் வேண்டாம், அங்கே சூடும் டீசல் மணமும். நடுவில், யன்னல் கரையில், பெட்டியை மடியில் வைத்து, காற்று நேரே அடிக்காத மாதிரி துவாயை ஒரு பக்கம் தொங்கவிட்டு. முன் சீற்றில் சாரதி சாமிப் படத்துக்கு ஊதுபத்தி கொளுத்தினால், பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று சொல்லிக் கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் அணைத்துவிடுவார்கள்.